திரைக்கு உரை சொல்லும் அறிஞர்

சில மாதங்களுக்கு முன் ஒரு வெள்ளிக்கிழமை அஸர் தொழுகைக்குப் பின், விருதுநகரில் நம் இல்லத் திண்ணையில் அமர்ந்திருந்தோம். சிறு வயதில் நம்மிடம் ஓதிய மாணவர் ஒருவர் வந்து சலாம் உரைத்தார். சிவகாசியில் பிறந்தவர். தந்தையார் அச்சகத் தொழிலாளி. தாயார் பட்டாசு ஆலையில் பல்லாண்டு சரம் பின்னியவர். பிள்ளையோ பல்கலைக்கழகம் புகுந்து, சர்வதேச உறவுகள் என்னும் துறையில் முனைவர் பட்டத்துக்காக ஆய்ந்து வருகிறார்.

“ஹஜ்ரத், நம் ஊர்ப் பட்டாசுத் தொழிலைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கிறார்கள். அதில் விளக்கவுரை சொல்ல என்னை அழைத்திருக்கிறார்கள். போகலாமா? போனால் எவ்வாறு பேச வேண்டும்?” என்று கேட்டார்.

நாம் படக்கலை அறிந்தவரல்லோம் என்று சொல்லிப் பார்த்தோம், அவர் விடவில்லை. தம்முடைய துறையைச் சேர்ந்த இரு பேரறிஞர்கள் இதற்கு முன் இதே பணியைச் செய்திருக்கிறார்கள் என்றும், அவ்விரு படைப்புகளையும் பார்த்துவிட்டுச் சொன்னால் போதும் என்றும் கூறினார். ஒன்று, அலீ மஸ்ரூயி 1986-இல் ஒன்பது பகுதிகளாக வழங்கிய ‘தி ஆஃப்ரிக்கன்ஸ்: எ டிரிபிள் ஹெரிடேஜ்’. மற்றொன்று, இக்பால் அஹ்மத் 1996-இல் வழங்கிய ‘ஸ்டோரீஸ் மை கன்ட்ரி டோல்ட் மீ’. இஷாவுக்குப் பின் பத்துப் பன்னிரண்டு இரவுகள் அவருடன் அமர்ந்து இரண்டையும் பார்த்தோம். நமக்கு ஆங்கிலம் ஓரளவே பழக்கம். விளங்காத இடங்களை அவர் தமிழில் சொன்னார். ஆகவே ஈண்டு நாம் எழுதுவதும் ஓர் இடைநிலை அறிவிப்பாளர் வழியாக நமக்கு வந்ததே என்பதை வாசக அன்பர்கள் மனத்திற் கொள்ள வேண்டுகிறோம். இதனை முதலிலேயே சொல்வதற்குக் காரணம் உண்டு. அது பின்னர் விளங்கும்.

படக்கலை அறியோமாயினும், உரை என்பது இன்னதென்று அறிவோம். நம் மத்ரஸாக்களில் ஓதப்படும் கிதாபுகளைப் பாருங்கள். பக்கத்தின் நடுவில் மத்ன் என்னும் மூலம் இருக்கும். அதனைச் சார்ந்து ஷரஹ் என்னும் விரிவுரை. ஓரத்தில் சிறிய எழுத்தில் ஹாஷியா என்னும் குறிப்புரை. ஹனஃபி மாணவர்கள் ஓதும் ‘ஷரஹுல் விகாயா’ எப்படிப் பிறந்தது? பாட்டனார் தம் பேரனுக்காக எழுதிய மூலத்துக்குப் பேரனே உரை வகுத்தார். ஷாஃபிஈ மாணவர்கள் ஓதும் ‘ஃபத்ஹுல் முயீன்’ இன்னும் வியப்பானது. பொன்னானி ஸைனுத்தீன் மக்தூம் அவர்கள் தாம் எழுதிய மூலத்துக்குத் தாமே உரை எழுதினார்கள். மூலத்தோடு உறவுடையவர் உரை சொல்வது நம் மரபில் குற்றமன்று. ஆனால் எது மூலம், எது உரை என்பது படிப்பவனுக்குத் தெளிவாகத் தெரிய வேண்டும். அதற்காகவே மூலத்தை அடைப்புக்குள் இட்டோ, மேற்கோடு இழுத்தோ அச்சிட்டார்கள்.

தமிழிலும் இவ்வழக்கே. திருக்குறளுக்குப் பரிமேலழகர் கண்ட உரை நுட்பத்தில் ஈடற்றது. எனினும் குறளில் இல்லாத வருணப் பாகுபாட்டை அவர் தம் உரைப்பாயிரத்தில் ஏற்றிவிட்டார் எனத் தமிழறிஞர் பலர் குறை கண்டனர். மூலம் கையில் இருந்ததால்தான் அக்குறையைக் காண முடிந்தது. மூலமே மறைந்து உரை மட்டும் எஞ்சியிருந்தால், பரிமேலழகர் சொன்னதே வள்ளுவர் சொன்னது என்று ஆகியிருக்கும்.

ஆவணப்படத்தில் காட்சி மத்ன். அறிஞரின் பேச்சு ஷரஹ். இரண்டும் ஒரே நொடியில் கண்ணிலும் காதிலும் விழுகின்றன. அடைப்புக்குறியும் இல்லை, மேற்கோடும் இல்லை. பார்ப்பவர் தாம் கண்டது எது, தமக்குச் சொல்லப்பட்டது எது என்று பிரித்தறிய இயலாமல் எழுந்து போகிறார். ஆகவே நூலுக்கு உரை எழுதுவோரைவிடத் திரைக்கு உரை சொல்வோர்க்குப் பொறுப்பு மிகுதி. இந்த அளவுகோலைக் கொண்டே இவ்விரு படைப்புகளையும் நோக்கினோம்.

முதலில் அலீ மஸ்ரூயி. 1933-இல் கென்ய நாட்டின் மொம்பாஸா துறைமுக நகரில் பிறந்தவர். தந்தையார் ஷெய்கு அல்அமீன் பின் அலீ மஸ்ரூயி, கென்யாவின் தலைமைக் காழியாக விளங்கியவர். சீர்திருத்த நாட்டம் கொண்டு ‘அல்இஸ்லாஹ்’ என்னும் ஏட்டை நடத்தியவர். மகன் கெய்ரோவின் அல்அஸ்ஹரில் ஓத வேண்டும் என்பது தந்தையாரின் விருப்பம். ஆனால் 1947-இல் தந்தையார் மறைந்தார். பள்ளி இறுதித் தேர்விலும் பிள்ளை சிறக்கவில்லை. மொம்பாஸாவின் முஸ்லிம் கல்வி நிறுவனத்தில் எழுத்தராகச் சேர்ந்தார். அந்நாளில் மீலாது விழா மேடையொன்றில் இவர் ஆற்றிய சொற்பொழிவை, கென்ய ஆளுநராக இருந்த சர் பிலிப் மிட்செல் கேட்டார். அதுவே இங்கிலாந்து சென்று படிக்கும் உதவித்தொகைக்கு வழி திறந்தது. நம் ஊர்களில் மீலாது மேடையேறும் சிறுவர்களைப் பெற்ற தாய்மார் இதனை நினைவில் வைப்பது நன்று.

பின்னர் மான்செஸ்டர், கொலம்பியா, ஆக்ஸ்ஃபோர்டு ஆகிய பல்கலைக்கழகங்களில் பட்டம் பெற்று, உகாண்டாவின் மெகரெரே பல்கலைக்கழகத்தில் அரசியல் துறைப் பேராசிரியரானார். இடி அமீனின் ஆட்சியில் அங்கிருக்க முடியாமல் வெளியேறி, அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழகத்திலும், பின்னர் பிங்ஹாம்டனிலும் பணியாற்றினார். உலக அரசியலில் படைவலிமையைப் போலவே பண்பாடும் ஒரு விசை என்பது அவர் வாழ்நாள் முழுவதும் வற்புறுத்திய கருத்து. 1979-இல் பி.பி.சி.யின் ரீத் சொற்பொழிவுகளை நிகழ்த்தினார். 2014 அக்டோபர் 12-இல் காலமானார். பிறந்த ஊரான மொம்பாஸாவிலேயே அடக்கம் செய்யப்பட்டார்.

1986-இன் தொடர், பி.பி.சி.யும் அமெரிக்காவின் டபிள்யூ.ஈ.டி.ஏ. தொலைக்காட்சி நிலையமும் நைஜீரியத் தொலைக்காட்சியின் துணையோடு தயாரித்தது. ஆப்பிரிக்காவின் இயற்கை, குடும்பம், சமயம், சுரண்டல், போர், ஆட்சி, பொருளாதாரம், பண்பாட்டு மோதல், உலகில் ஆப்பிரிக்கரின் இடம் என ஒன்பது பகுதிகள். அனைத்தையும் கோத்த கருத்து ஒன்றே. ஆப்பிரிக்காவில் மூன்று மரபுகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன: மண்ணின் தொன்மை மரபு, இஸ்லாம், மேற்கு.

இத்தொடரில் நாம் முதலிற் போற்றுவது, உரை சொல்பவர் தம் முகத்தைக் காட்டியதே. அதுவரை ஆப்பிரிக்காவைப் பற்றிய படங்களில் பெயரும் முகமும் அற்ற ஒரு குரல், வானத்திலிருந்து இறங்குவதுபோல் ஒலிப்பதே வழக்கமாக இருந்தது. அக்குரல் யாருடையது? எந்த ஊரினது? யாரிடம் கேட்டுச் சொல்கிறது? ஹதீஸ் கலை ஓதியவர்க்கு இக்கேள்வி இயல்பாகவே எழும். இஸ்நாது இல்லாத செய்தி எவ்வளவு இனிமையாக ஒலித்தாலும் அதனை எடை போட வழியில்லை. மஸ்ரூயியோ காட்சிக்குள் தாமே நடந்து வந்து, ‘நான்’ என்று பேசினார். மூன்று மரபு என்ற அவர் கொள்கையே அவருடைய வாழ்க்கைதான்: ஆப்பிரிக்க மண், காழியின் இல்லம், ஆக்ஸ்ஃபோர்டுப் படிப்பு. இவர் இன்ன இடத்தில் நின்று பேசுகிறார் எனத் தெரிந்த பிறகு, பார்ப்பவர் தம் மனத்தில் அதற்கேற்பக் கூட்டிக் கழித்துக்கொள்ளலாம்.

இதுவே அமெரிக்காவில் பெரும் பூசலையும் கிளப்பியது. தொடருக்கு ஆறு லட்சம் டாலர் அளவில் நிதி உதவிய அந்நாட்டு மானுடவியற் கல்விக்கான தேசிய நிதியத்தின் தலைவியாக அப்போது இருந்தவர் லின் செய்னி. தொடர் மேற்குலகின் மீது வசை பொழிகிறது என்று கூறி, நிதியத்தின் பெயரைத் தொடரிலிருந்து நீக்கச் செய்தார். ஆப்பிரிக்காவின் துன்பங்கள் அனைத்துக்கும் மேற்கே காரணம் என்பதாக உரை அமைந்துவிட்டது என்பது அவர் தரப்பு. இதில் ஒரு சிறு உண்மை இல்லாமல் இல்லை. விடுதலைக்குப் பின் வந்த ஆட்சியாளரின் குற்றத்தை இன்னும் அழுத்திச் சொல்லியிருக்கலாம். ஆயினும் நாம் கேட்பது வேறு. முகமற்ற குரல்கள் எத்தனையோ ஆண்டுகள் ஆப்பிரிக்கரை இழித்துப் பேசியபோது, அவை ஒரு பக்கம் சாய்ந்தவை என்று எவரேனும் தம் பெயரை எடுத்துக்கொண்டார்களா? சார்பு என்பது சார்பைச் சொல்லிக்கொள்பவனிடம் மட்டுமே குற்றமாகத் தெரிகிறது. சொல்லாமல் மறைப்பவனிடம் அது நடுநிலை என்று பெயர் பெறுகிறது.

இவ்வளவு போற்றிய பின், குறையையும் சொல்ல வேண்டும். நம்மவர் என்பதற்காக அதனை மறைப்பது நம் மரபன்று. அறிவிப்பாளரை ஆய்ந்த இமாம்கள் தம் உறவினரையும் விட்டுவைக்கவில்லை. நீதிக்குச் சாட்சியாக நிற்கும்போது அது தமக்கோ பெற்றோர்க்கோ உறவினர்க்கோ எதிராயினும் பின்வாங்கலாகாது என்பது அந்நிஸா அத்தியாயம் நமக்கு இட்ட கட்டளை.

நைஜீரிய எழுத்தாளரும் நோபல் பரிசாளருமான வோலே சொயின்கா, மஸ்ரூயியின் தொடரைக் கடுமையாகச் சாடினார். மண்ணின் தொன்மைச் சமயங்களைத் தாழ்த்தி இஸ்லாத்தை உயர்த்திக் காட்டினார் என்பது குற்றச்சாட்டு. 1991-இல் ‘டிரான்ஸிஷன்’ இதழில் இருவரும் மோதிக்கொண்டனர். இருவர் மொழியிலும் வெப்பம் மிகுதி. அந்த வெப்பத்தை நீக்கிவிட்டுப் பார்த்தாலும் ஒரு கேள்வி எஞ்சி நிற்கிறது. அட்லாண்டிக் கடல் கடந்த அடிமை வாணிகத்தைப் பற்றி அவ்வளவு உருக்கமாக உரைத்தவர், இந்தியப் பெருங்கடல் வழியே அரபு வணிகர் நடத்திய அடிமை வாணிகத்தை ஏன் அவ்வளவு மெல்லக் கடந்து சென்றார்?

இக்கேள்விக்கு விடை சொல்ல மஸ்ரூயியை விடத் தகுதியுள்ளவர் எவரும் இலர். ஓமானிலிருந்து வந்த மஸ்ரூயி குலம், 1837 வரை மொம்பாஸாவை ஆண்ட குலம். அக்கரையின் செல்வத்தில் அடிமைகளின் உழைப்பும் கலந்திருந்தது. அரபுச் சமுதாயத்தில் அடிமைப் பெண்ணுக்குப் பிறந்த பிள்ளை தந்தையின் குலத்தோடு சேர்ந்து சுதந்திரனாயிற்று, மேற்கில் அப்படி இல்லை என்று அவர் தம் எழுத்துகளில் எடுத்துக்காட்டியதுண்டு. உண்மையே. உம்மு வலத் பற்றிய சட்டங்களை நாமும் ஃபிக்ஹில் ஓதியிருக்கிறோம். ஆனால் கிதாபில் உள்ள சலுகை, கரையில் விற்கப்பட்டவரின் கண்ணீருக்கு மறுமொழி ஆகாது. தம் வீட்டு வாசலில் நின்றுகொண்டு, ‘என் முன்னோரும் இதில் இருந்தனர்’ என்று அவர் விரிவாகச் சொல்லியிருந்தால், சொயின்காவுக்கும் செய்னிக்கும் சொல்வதற்கு என்ன எஞ்சியிருக்கும்? மேற்கைப் பற்றி அவர் சொன்ன ஒவ்வொரு சொல்லும் இருமடங்கு எடை பெற்றிருக்குமன்றோ! தம்மைப் பற்றிய உண்மையைக் குறைத்துச் சொன்னதால், பிறரைப் பற்றிச் சொன்ன உண்மையும் வலுக் குன்றியது.

இன்னொரு குறை, நம் வட்டாரத்தாருக்கே உடனே உறைப்பது. 1979-இன் ரீத் சொற்பொழிவுகளின் முடிவில் மஸ்ரூயி ஒரு யோசனை சொன்னார். நைஜீரியா, ஜயர், கருப்பர் ஆட்சி மலர்ந்த பின் தென்னாப்பிரிக்கா ஆகியவை அணு ஆயுத ஆற்றல் பெற வேண்டும். ஏழை நாடுகளிடமும் அது பரவினால்தான் வல்லரசுகள் அஞ்சி, அனைவரும் சேர்ந்து அதனைக் கைவிடுவர் என்பது அவர் வாதம். ஏட்டில் இது அழகான தர்க்கம். ஆனால் சிவகாசிப் பட்டாசு ஆலையில் ஒரு நாள் வேலை செய்த எவரும் இதனை ஏற்கமாட்டார். மருந்து உள்ள அறையில் நால்வருக்கு மேல் இருக்கலாகாது, அறைக்கும் அறைக்கும் இடைவெளி வேண்டும், அளவுக்கு மேல் மருந்து சேரலாகாது என்று விதி வகுத்ததெல்லாம் எதற்காக? மருந்து எத்தனை அறைகளில் கூடுகிறதோ அத்தனை அறைகளிலும் ஆபத்துக் கூடும் என்பதற்காகவே. எல்லா அறையிலும் மருந்தை நிரப்பிவிட்டால் எல்லாரும் கவனமாக இருப்பார்கள் என்று எந்த போர்மேனும் சொல்லக் கேட்டதில்லை. பேரறிஞரின் உரையையும் சரம் பின்னும் தாயின் அனுபவம் சரிபார்க்கும் இடம் இது.

இனி இக்பால் அஹ்மத். இவர் நம் நாட்டிற் பிறந்தவர். பீஹாரின் கயா மாவட்டத்தில் இர்க்கி என்னும் சிற்றூர். சிறு வயதிலேயே தந்தையார் நிலத் தகராறில் கொலையுண்டார். அப்போது பிள்ளை அருகிலேயே படுத்திருந்தான். 1947-இல் பதின்மூன்று பதினான்கு வயதுச் சிறுவனாக அகதிகளோடு லாகூர் சென்றார். பின்னர் அமெரிக்காவின் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்று, வட ஆப்பிரிக்க விடுதலைப் போராட்டங்களை நேரிற் கண்டு, வியட்நாம் போரை எதிர்த்து நின்றார். ஹென்றி கிஸிங்கரைக் கடத்தச் சதி செய்ததாக 1971-இல் கத்தோலிக்கத் துறவியர் சிலரோடு சேர்த்து இவர் மீதும் அமெரிக்க அரசு வழக்குத் தொடுத்தது. 1972-இல் ஜூரர்கள் சதிக் குற்றச்சாட்டில் ஒருமித்த முடிவுக்கு வர இயலாமல் அது வலுவிழந்தது. ஹாம்ப்ஷயர் கல்லூரியில் 1982 முதல் சர்வதேச அரசியல் கற்பித்தார். எட்வர்டு ஸயீத் 1993-இல் வெளியிட்ட ‘கல்ச்சர் அண்ட் இம்பீரியலிஸம்’ நூலை இவருக்கே உரிமையாக்கினார். இப்னு கல்தூனின் பெயரால் இஸ்லாமாபாதில் ஒரு பல்கலைக்கழகம் காண விழைந்தார். அது கைகூடுமுன் 1999 மே 11-இல் மறைந்தார்.

1996-இல் பி.பி.சி.க்காக அவர் வழங்கிய படம், கிராண்ட் டிரங்க் சாலை வழியே செல்லும் ஒரு பயணம். தேசம் என்பது தன்னைப் பற்றி என்ன கதை சொல்லிக்கொள்கிறது, அக்கதைக்காக யாரைத் தன்னிடமிருந்து பிரித்து வைக்கிறது என்பதே பொருள். மஸ்ரூயி ஒரு கண்டத்தைத் தம் தோளில் தூக்கி வந்தார். இக்பால் ஒரு சாலையை மட்டும் எடுத்துக்கொண்டார். சிறுவயதில் அகதியாய்க் கடந்த நிலத்தை முதுமையின் வாசலில் அறிஞராய்த் திரும்பிப் பார்க்கிறார். சாட்சியும் அவரே, உரையாசிரியரும் அவரே. ஆயினும் அவர் பேச்சில் பழிவாங்கும் குரல் இல்லை. பிரிவினையால் புண்பட்டவர் ஒருவர், புண்ணைக் காட்டி ஒரு பக்கத்தாரின் கைதட்டலைப் பெறுவது எளிது. அவர் இரு நாட்டுத் தேசியக் கதைகளையும் ஒரே தராசில் நிறுத்தினார்.

தமக்கு எதிராகவும் சாட்சி சொல்லும் இந்தக் குணம் அவர் வாழ்விலும் உறுதிப்பட்டது. 1998 மே மாதத்தில் இந்தியா பொக்ரானிலும் பாகிஸ்தான் சாகையிலும் அணுகுண்டு வெடித்துப் பார்த்தன. இரு நாட்டு வீதிகளிலும் இனிப்பு வழங்கினர், பட்டாசும் வெடித்தனர். இக்பால் இந்தியச் சோதனையைக் கண்டித்ததோடு நிற்கவில்லை. தாம் வாழ்ந்த பாகிஸ்தானின் சோதனையையும் அந்நாட்டு நாளேட்டிலேயே கண்டித்தெழுதினார். தம் கூட்டத்தார் மகிழ்ந்து ஆடும் வேளையில் ‘இது தவறு’ என்று சொல்வதற்கு நெஞ்சுரம் வேண்டும். மஸ்ரூயியின் அணுகுண்டு வாதத்துக்கு மறுப்புரை தேடுவோர், இக்பாலின் அந்த ஆண்டு எழுத்துகளைப் படிக்கலாம்.

குறையில்லையா? உண்டு. கிராண்ட் டிரங்க் சாலை விருதுநகர்ப் பக்கம் வருவதில்லை. உபகண்டத்து முஸ்லிமின் கதை என்றவுடன் வங்கம் தொடங்கிப் பெஷாவர் வரை நீளும் அந்த ஒரே கோடுதான் அறிஞர் நினைவுக்கு வருகிறது. 1948 மார்ச் 10-இல் சென்னை ராஜாஜி மண்டபத்தில் கூடி, இந்த மண்ணிலேயே இருந்து அரசியல் செய்வோம் என்று முடிவெடுத்தவர்களும், அரசியல் நிர்ணய சபையில் தமிழுக்காக வாதாடிய காயிதெ மில்லத் முஹம்மது இஸ்மாயில் சாகிபும் அக்கோட்டில் இல்லை. அகதியாய் ஓடாத, வீட்டைப் பூட்டாத முஸ்லிமுக்குக் கதையே இல்லையா? இது இக்பால் ஒருவரின் பிழையன்று; வடக்கிலிருந்து நோக்கும் எல்லா உரைகளிலும் காணும் பழுது. தாம் எடுத்துக்கொண்டது ஒரு சாலைதான், முழு நிலமன்று என்பதை உரையாசிரியர் அடிக்கடி நினைவூட்ட வேண்டும்.

இவ்விரு உரைகளையும் பார்த்து முடித்த இரவு, மாணவரிடம் அவருடைய மூலத்தைப் பற்றிக் கேட்டோம். சிவகாசி என்னும் மத்னை நீர் எவ்வாறு ஓதுகிறீர்?

அவர் சொன்னவை நமக்கே புதியனவாயிருந்தன. இந்தச் சிற்றூரின் வரலாறு முழுவதும் உலகத்தோடு பின்னியது. சுவீடன் தீப்பெட்டியும் ஜப்பான் தீப்பெட்டியும் இந்நாட்டுக் கடைகளை நிறைத்திருந்த காலத்தில், 1922-இல் அயல்நாட்டுத் தீப்பெட்டிக்குத் தீர்வை உயர்ந்தது. அக்காலத்தில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தொழில் கற்று வந்து சிவகாசியில் தீப்பெட்டி செய்யத் தொடங்கினர். சுவீடன் முதலாளிகளோ விம்கோ என்னும் பெயரில் இந்நாட்டிலேயே இயந்திர ஆலை நிறுவினர். கைக்கும் இயந்திரத்துக்கும் நடந்த போட்டியில் கை தாக்குப்பிடித்தது. பின்னர் பட்டாசும் அச்சும் வந்தன. நேரு இவ்வூரைக் குட்டி ஜப்பான் என்று பாராட்டியதாகச் சொல்வர். அப்புகழ்ப் பெயரையே தலைப்பாக்கி, 1990-இல் சலம் பென்னூர்கர் ‘குட்டி ஜப்பானின் குழந்தைகள்’ என்னும் ஆவணப்படத்தை எடுத்தார். பாராட்டின் அடியில் பிஞ்சு விரல்கள் இருந்ததை அப்படம் காட்டிற்று. 1992-இல் அமெரிக்க செனட்டர் டாம் ஹார்கின், குழந்தை உழைப்பால் ஆன பொருள்களின் இறக்குமதியைத் தடுக்கும் மசோதாவைக் கொணர்ந்தார். 1996 டிசம்பர் 10-இல், சிவகாசிக் குழந்தைகளைப் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்து, குழந்தையை வேலைக்கு வைத்தவர் ஒரு குழந்தைக்கு 20,000 ரூபாய் செலுத்த வேண்டும் என்றது. 2018-இல் பட்டாசின் மாசு பற்றிய தீர்ப்பு வந்தபோது பேரிய உப்புக்குத் தடை விழுந்தது. ஆக, உலக அரசியல் படித்தவருக்கு இங்கே பேச நிரம்ப உண்டு.

ஆனால் மத்னை ஓதத் தெரியாதவர் உரை சொன்னால் என்னாகும்? நம் பக்கத்தில் தீப்பெட்டித் தொழிற்சாலையைத் ‘தீப்பெட்டி ஆபீஸ்’ என்றே பெண்கள் சொல்வர். ‘நான் ஆபீசுக்குப் போகிறேன்’ என்று ஒரு தாய் சொல்வதை, நாற்காலியும் மின்விசிறியும் உள்ள அலுவலகம் என்று அயலார் மொழிபெயர்த்தால், ஒரு சொல்லிலேயே ஒரு வாழ்வு புரண்டுவிடும். ‘மருந்து’ என்பதை நோய்க்கு உண்ணும் மருந்து என்று கொண்டால் அதுவும் அப்படியே. 2012 செப்டம்பர் 5-இல் முதலிப்பட்டியில் நேர்ந்த விபத்தில் ஏறத்தாழ நாற்பது உயிர்கள் போயின. இறந்தோரில் பலர் ஆலைத் தொழிலாளர் அல்லர். உதவவும் பார்க்கவும் ஓடிவந்த சுற்றூரார். வெறும் எண்ணிக்கையைச் சொல்லும் உரை இதனைத் தவறவிடும். தீ கண்ட இடத்துக்கு ஓடும் ஊர் இது என்ற செய்தி அதில் அடங்கியிருக்கிறது.

மாணவரின் நெஞ்சில் இருந்த முள் இதன் பிறகே வெளிவந்தது. அவருடைய தாய்மாமன் மகன் இன்றும் ஓர் ஆலையில் போர்மேன். அடுத்த தெருவில் அறை வெடித்துக் கணவனை இழந்த பெண் இருக்கிறாள். “ஆபத்தை உள்ளபடி சொன்னால் மாமன் வீட்டுச் சோற்றில் மண் விழும், மென்மையாகச் சொன்னால் அந்த அக்காவின் முகத்தில் எப்படி விழிப்பேன்?” என்றார். அவர் படித்த நூல்களில் இதற்கு விடை இல்லை. மஸ்ரூயி மொம்பாஸாவின் கரையில் நின்றபோதும் இதே முள்தான் அவரைக் குத்தியிருக்க வேண்டும் என்று நமக்குத் தோன்றியது.

நாம் அவருக்குச் சொன்னது மூன்று. ஒன்று: இஸ்நாதைச் சொல்லும். ‘சரம் பின்னியவளின் மகன் நான், என் உறவினர் இத்தொழிலில் இருக்கிறார்’ என்பதை முதல் வாக்கியத்திலேயே வைத்துவிடும். அதன்பின் உம்மை எவரும் மறைவாகத் தாக்க முடியாது. இரண்டு: கண்டதையும் கருதியதையும் பிரித்துச் சொல்லும். ரிவாயத் வேறு, திராயத் வேறு. விபத்து நடந்தது என்பது செய்தி. ஏன் நடந்தது என்பது உம்முடைய ஆராய்ச்சி. யார் குற்றவாளி என்பது நீதிமன்றத்தின் வேலை. மூன்று: காட்சி பேசும்போது நீர் வாய் மூடும். உழைக்கும் பெண் தன் மொழியில் பேசுகையில், அவள் குரலை அடக்கி உம் குரலை ஏற்ற இடங்கொடாதீர். உரை மூலத்தின் ஓரத்தில் நிற்பதே அழகு.

இம்மூன்றுக்கும் அடியில் ஒன்று உண்டு. அதனைச் சொல்ல நமக்கே தயக்கமாயிருந்தது. மாமன் வீட்டாருக்கு வரும் வருத்தத்தை அவர் தாங்கத்தான் வேண்டும். ஆலைகள் மூடப்பட வேண்டும் என்று நாம் கருதவில்லை. மழை பொய்க்கும் இக்கரிசல் நிலத்தில் எத்தனையோ அடுப்புகள் அத்தொழிலால் எரிகின்றன. ஆனால் விதி மீறிய அறையில் வேலை நடந்தால் அதனை மறைக்கும் உரை, மாமன் மகனையே நாளை அந்த அறைக்குள் பலியிடும். உண்மையை மறைப்பது உறவுக்குச் செய்யும் உதவி அன்று.

மாணவர் எழுந்து சென்று படக்குழுவினருக்கு இரண்டு நிபந்தனைகள் எழுதினார். தாம் யார் மகன் என்பது படத்தின் தொடக்கத்திலேயே வர வேண்டும். தம் தாயார் பேசும் பகுதியை வெட்டுவதானால் தம்மைக் கேட்டே வெட்ட வேண்டும். இதை எழுதும் இந்நாள் வரை மறுமொழி வரவில்லை. வராமலே போகலாம். வேறொரு குரலை, வேறோர் ஊரிலிருந்து அவர்கள் தேடிக்கொள்ளலாம்.

அப்படி நேர்ந்தால் அப்படம் ஒரு நாள் நம் வீடுகளுக்கும் வரும். நம் பிள்ளைகள் அதைப் பார்ப்பார்கள். அப்போது அவர்களைப் பெற்றோர் ஒன்று கேட்கப் பழக்க வேண்டும்: இதைச் சொல்பவர் யார்? அவர் யாரிடமிருந்து கேட்டார்? நம் முன்னோர் ஒரு சொல்லை ஏற்குமுன் இக்கேள்வியைக் கேட்டே அறிவைக் காத்தார்கள். நாமும் கேட்போமாக. வல்ல அல்லாஹ் நம் நாவுகளை நீதியின் மீது நிலைக்கச் செய்வானாக.